விழுகிறவன் பிடித்த முன்பிடி

அத்தான் போய்விட்டார் என்று காலையில் செய்தி வந்ததும் எனக்கு முதலில் அழுகை வரவில்லை. சவப்பெட்டியைப் பற்றிய கவலைதான் வந்தது. அக்காவின் வீடு தேயிலை மேட்டின் உச்சியில், தொழிலாளர் லயத்தில் இருக்கிறது. வேன் அங்கே ஏறாது. தார்ச் சாலை வரைக்கும் செங்குத்தான சிமெண்டுப் படியில் பெட்டியைத் தோளில் வைத்துத்தான் இறக்க வேண்டும். எங்கள் வழக்கத்தில் பெட்டியின் முன்பக்கத்தைத் தாங்கும் முன்பிடி மச்சானுக்கு. அத்தானுக்கு மச்சான் நான் ஒருத்தன்தான். வெளியே தூறல் விட்டபாடில்லை.

என் முட்டியை நினைத்து ஒரு பயம். அதைவிடப் பெரிய பயம், என்னைப் பார்த்தாலே சனங்களுக்குச் சிரிப்பு வரும் என்பது.

இந்த நாட்டில் தமிழ்ச் சிரிப்புப் படங்களை வீடியோ கேமராவில் எடுக்க ஆரம்பித்த காலத்தில், கதாநாயகனின் கூட்டாளியாக நான் வருவேன். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவன். வசனத் தாளைக் கொடுத்தால் நான் எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் மலையில் பனி இறங்கிவிடும். டைரக்டர் தாளைப் பிடுங்கிக்கொண்டு, நீ பேச வேண்டாம், விழு என்றார். விழுந்தேன். கொழுந்துக் கூடையோடு சரிவில் உருண்டேன். முட்டைக்கோஸ் லாரியிலிருந்து விழுந்தேன். கல்யாணப் பந்தலில் சாம்பார் வாளியோடு விழுந்தேன். முதல் தடவை விழுந்தது யாருக்குமே திருப்தியாக இருந்ததில்லை. மறுபடி விழச் சொல்வார்கள்.

படங்களை மறந்துவிட்டார்கள். பிரிஞ்சாங் பாசார் மாலாமில், அந்த இரவுச் சந்தையில், அடுக்கி வைத்து விற்ற விசிடிகளும் போய்விட்டன. நான் விழுகிற துண்டுகள் மட்டும் இப்போது எல்லார் கைப்பேசியிலும் சுற்றுகின்றன. முட்டிக்கு ஊசி போட வந்த நர்சுகூட அதைக் காட்டிச் சிரித்துவிட்டுத்தான் ஊசியை எடுத்தார்.

அத்தான்தான் முதல் ரசிகர். வீட்டுக்கு யார் வந்தாலும் அந்தத் துண்டைப் போட்டுக் காட்டுவார். நான் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். அதைப் பற்றி அவருக்குக் கவலை இல்லை. கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரிப்பார். சிரித்து முடித்ததும் என் பக்கம் திரும்பி, இடுப்பு இப்ப எப்படி இருக்கு என்று கேட்பார். அதைக் கேட்டவர் அவர் ஒருவர்தான்.

உருமி மேளம் ஓய்ந்து பெட்டியை மூடியதும் முன்பக்கம் போய் நின்றேன். கூட்டத்தில் எங்கோ ஒரு செருமல். சிரிப்பை அடக்குகிற செருமல் எனக்குத் தெரியும். இத்தனை வருடமாக அதைக் கேட்டுத்தானே வாழ்கிறேன். அத்தானின் தம்பி மகன், எஸ்டேட்டில் கொழுந்து லாரி ஓட்டுகிறவன், வந்து என் கையைப் பிடித்தான்.

“மாமா, நீங்க வேணாம்லா. படி வழுக்குது. நீங்க கால வச்சாலே சனம் சிரிச்சிரும். பெரியப்பாவ மரியாதையா அனுப்பணும்.”

அவன் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. எனக்கும் பாதி மனசு நிம்மதிதான். சரி என்று விலகப் போனேன். அக்கா வாசலில் உட்கார்ந்தபடி சொன்னாள்:

“அவன் தூக்கட்டும்டா. விழுந்தா விழட்டும். ஒங்க பெரியப்பா சிரிச்சிக்கிட்டே போவாரு.”

யாரும் சிரிக்கவில்லை. அவன் என் கையை விட்டுவிட்டு மறுபக்க முன்பிடிக்குப் போனான்.

படியெல்லாம் பாசி. விழுவது எப்படி என்று எனக்குத் தெரியும்: உடம்பைத் தளர்த்த வேண்டும், தாடையை நெஞ்சோடு ஒட்ட வேண்டும். விழாமல் இருப்பதற்கு யாரும் எனக்குச் சொல்லித் தந்ததில்லை. அதனால் எல்லாவற்றையும் தலைகீழாகச் செய்தேன். உடம்பை விறைத்துக்கொண்டு, தலையை நிமிர்த்தி, ஒவ்வொரு படியையும் காலால் தடவித் தடவி இறங்கினேன். பாதி இறக்கத்தில் இடது முட்டி மடங்கியது. பெட்டி என் பக்கம் சாய்ந்தது. பின்னால் வந்த கூட்டம் அப்படியே மூச்சைப் பிடித்தது. ஓரத்துக் கம்பியில் இடுப்பை மோதி நிறுத்தினேன். பெட்டி நேரானது. மீதிப் படிகளையும் இறங்கினோம்.

பெட்டியை வேனில் ஏற்றியதும் அதன் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டேன். அதற்குமேல் நிற்க முட்டி விடவில்லை. லாரி ஓட்டுகிறவன் எதிரே ஏறி உட்கார்ந்தான். கண் கலங்கியிருந்தது.

“நடுவுல விழற மாதிரி செஞ்சீங்களே மாமா, பெரியப்பாவுக்காகத்தானே? நல்லா நடிச்சீங்க.”

ஆமாம் என்று தலையாட்டினேன். கம்பி மோதிய இடத்தில் இடுப்பு விண்விண்ணென்று தெறித்தது. இடுப்பு எப்படி இருக்கு என்று கேட்கிறவர் பெட்டிக்குள் இருந்தார். வேன் புறப்பட்டது.