முதுகில் ஒரு காகித மீன்

ஏப்ரல் முதலாம் திகதி. தங்கியிருக்கும் வீட்டுக்கு மீன் வாங்க வெக்ஸ்போர்டில் ஒரு தமிழ்க் கடைக்கு வந்திருக்கிறேன். மீன் வெட்டுபவரின் முதுகில் காகித மீன் ஒன்று ஒட்டியிருக்கிறது. வரிசையில் நிற்பவர்கள் சிரிக்கிறார்களே தவிர, ஒருவரும் சொல்வதாயில்லை. எனக்குப் பொறுக்கவில்லை.

"அண்ணை, முதுகில மீன் ஒட்டியிருக்கு. எடுத்துவிடட்டே?"

"ஐயோ, தொடாதேங்கோ!" குரலைத் தாழ்த்துகிறார். "என்ர மனுசி பாரிசில வளர்ந்தவ. அங்க முட்டாள்கள் தினத்துக்கு உப்பிடித்தான், ஆளுக்குத் தெரியாமல் ஒட்டிவிடுவினம். நானும் தெரியாத மாதிரி வந்திட்டன்."

"ஒவ்வொரு வருசமும் ஒட்டுவாவோ?"

"ஓம். இந்தமுறை ஒட்டுவா எண்டு நினைக்கேல்லை. ஒரு மாசமா ரெண்டு பேருக்கும் கதை பேச்சில்லை."

என் மீனைப் பையில் போட்டுத் தருகிறார். வரிசை ஓய்ந்ததும், பின்னாலிருக்கும் குளிர்பெட்டியில் சாயப் போகிறார். சட்டென நினைவு வந்து நிமிர்ந்துகொள்கிறார்.