கட்டாத நாற்பத்தாறு கல்

நூல்காரரிடம் வேலை கொடுத்தவர்கள் முதல் நாள் மத்தியானம் வந்து பார்த்தால் முகம் சுளிப்பார்கள். அரை நாள் போயிருக்கும், ஒரு கல்கூட ஒட்டியிருக்காது. சுவருக்குச் சுவர் நூல் கட்டி, கலவை இல்லாமல் டைல்ஸ் கற்களை வெறுமனே ஒரு வரிசை அடுக்கி, கடைசிக் கல் எதிர்ச் சுவரடியில் எப்படி வந்து நிற்கிறது என்று தரையோடு கன்னத்தை வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பார்.

"என்ன மேஸ்திரி, தூங்குறீங்களா?" என்று கேட்ட வீட்டுக்காரர் உண்டு.

"கடைசிக் கல்லைப் பார்க்காம முதல் கல்லை ஒட்ட மாட்டேங்க. இங்க நூலளவு தப்பினா அந்தக் கோடியில ரெண்டு விரல் துண்டு வந்து பல்லை இளிக்கும்."

இந்தப் பழக்கத்தை அவருக்கு யாரும் சொல்லித்தரவில்லை. மணல் சுமக்க வந்தவர், ஒட்டக் கற்றுக்கொண்ட புதிதில் ஒரு கடைத் தரையில் இப்படி ஒரு துண்டு வந்து, பதினாறு வரிசையைத் தன் செலவில் பெயர்த்து மறுபடி ஒட்டினார். அன்றிலிருந்து நூல்தான். பெயரும் அப்படியே நின்றுவிட்டது.

ஆனால் அவருடைய சொந்த வீட்டுத் தரை சிமெண்ட். ஒரு கூடம், இரண்டு அறை. பத்து வருடத்துக்கு முன்னால் வங்கிக் கடனில் வாங்கியது. கடன் இருபது லட்சம், வட்டி நூற்றுக்கு ஒன்பது, இருபது வருடத் தவணை. மாதம் பதினேழாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றைந்து. அவர் கூலியிலும், பள்ளிப்பை தைக்கும் பட்டறையில் ஜிப் வைக்கிற அவர் மனைவியின் சம்பளத்திலும் அது போய்க்கொண்டிருந்தது. பத்து வருடத்தில் ஒரு தவணைகூட ஒரு நாள் பிந்தியதில்லை. ஊரில் வேலை இல்லாத மழை மாதங்களிலும் போனது.

மனைவியின் அண்ணன் லாரி ஓட்டுபவர். வாரம் ஒரு முறையாவது வந்து, செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பிப்பார்.

"ஊர்த் தரையில எல்லாம் முகம் பார்த்துத் தலை சீவலாம். உங்க வீட்டுல நடந்தா குதிகால் தேயுது மாப்பிள்ளை. ஏன் இப்படி?"

"பாதிக் கடன் முடியட்டும் மச்சான். அன்னைக்குப் போடுறேன்."

"பேங்க்காரன் உங்களுக்குத் தரை போட்டுத் தருவான்னு நினைச்சேன்."

"அண்ணே, சும்மா இரு. வர்ற மாசத்தோட நூத்தி இருபது தவணை. பாதி முடிஞ்சது" என்றாள் அவர் தங்கை.

தரைக்காகத் தனியாக ஒரு லட்சத்து எண்பதாயிரம் சேர்த்திருந்தார்கள். கடையில் போய்க் கல்லும் பார்த்தாயிற்று. பால் நிறத்தில் சாம்பல் ரேகை ஓடும் பெரிய கல். மாதிரிக்குக் கொடுத்த துண்டு சுவர் அலமாரியின் மேல்தட்டில் இருந்தது. தினமும் வேலைக்குக் கிளம்பும்போது அதை ஒரு துடை துடைத்துவிட்டுத்தான் மனைவி பூட்டை எடுப்பாள்.

நூல்காரருக்கு இன்னொரு கணக்கும் இருந்தது. அதை வெளியே அதிகம் சொல்வதில்லை. வயது நாற்பத்து நான்கு. நாள் முழுக்க முட்டி போட்டுச் செய்கிற வேலை. போன வருடம் மருத்துவர் முட்டியின் எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "இதே வேலைன்னா இன்னும் ஆறு வருஷம் தாங்கும். அதுக்கு மேல நான் சொல்ல மாட்டேன்" என்றார். கடனோ இன்னும் பத்து வருடம். ஆனால் பாதி போனால் மிச்சம் பத்து லட்சம்தானே, கொஞ்சம் இழுத்துப் பிடித்தால் ஆறு வருடத்தில் அடைத்துவிடலாம், முட்டி ஓய்வதற்குள் வீட்டுப் பத்திரம் கைக்கு வந்துவிடும் என்று அவர் தைரியமாக இருந்தார்.

நூற்று இருபதாவது தவணை போன மறுநாள் இருவரும் வங்கிக்குப் போனார்கள். பாதி முடிந்ததற்கு ஒரு தாள் வேண்டும், மச்சானிடம் காட்ட வேண்டும். கடன் பிரிவில் இருந்த பெண் அச்சடித்துக் கொடுத்தாள்.

நூல்காரர் தாளைப் பார்த்தார். திருப்பிப் பார்த்தார். பின்பக்கம் வெள்ளையாக இருந்தது.

"அம்மா, இது வேற யாருதோ பேப்பர்."

"உங்களுதுதான் சார். நிலுவை பதினாலு லட்சத்து இருபதாயிரத்து ஐநூறு."

"நாங்க வாங்கினதே இருபது லட்சம். பத்து வருஷம் கட்டியிருக்கோம்."

"ஆமா சார், ஒரு தவணை தவறலை. இருபத்தொண்ணரை லட்சத்துக்கு மேல கட்டியிருக்கீங்க."

"அதுல…?"

"அசல்ல கழிஞ்சது அஞ்சு லட்சத்து எழுபத்தொன்பதாயிரத்துச் சொச்சம். மிச்சம் வட்டி. ஒவ்வொரு மாசமும் அன்னைக்கு என்ன பாக்கி இருக்கோ அதுக்கு வட்டி எடுத்துக்கிட்டு, மீதிதான் அசலுக்குப் போகும். ஆரம்பத்துல பாக்கி பெருசு, அதனால வட்டியும் பெருசு." அவள் ஐந்து பக்கம் அச்சடித்து நீட்டினாள். மாதத்துக்கு ஒரு வரி, இருநூற்று நாற்பது வரி. "கடன் வாங்கும்போதே கொடுத்திருப்பாங்களே சார்."

கொடுத்திருந்தார்கள். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் அவர் கையெழுத்து இருந்தது.

திரும்பி வரும்போது பேருந்தில் மனைவி கேட்டாள். "ஏமாத்திட்டாங்களா?"

"இல்ல. எல்லாம் இதுலதான் இருக்கு. நான்தான் கடைசிக் கல்லைப் பார்க்கலை." தாள்களை மடித்து மடியில் வைத்தார். "வரிசையை எண்ணினேன். பத்து வரிசை போட்டா பாதித் தரைன்னு நினைச்சேன்."

டைல்ஸ்காரரால்தான் அப்படி நினைக்க முடியும். தரையில் ஒவ்வொரு வரிசையும் ஒரே அகலம். இருபதில் பத்து போட்டால் பாதிதான், அதில் சந்தேகமே இல்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலையில் கூடத்தில் இருந்த சாமானை எல்லாம் வெளியே எடுத்துப் போட்டார். கொல்லைச் சுவரோரம் தார்ப்பாயின் கீழ், வேலை செய்த வீடுகளில் மிச்சம் விழுந்து அவர்கள் வேண்டாமென்று கொடுத்த கற்கள் இருந்தன. எல்லாம் ஓரடிக்கு ஓரடி. சாம்பல், காவி, பாசிப் பச்சை, மிளகு தூவியதுபோல் புள்ளி விழுந்தது. பத்து வருடச் சேர்மானம். எண்ணி இருநூற்று நாற்பதை உள்ளே கொண்டுவந்தார். கூடம் பன்னிரண்டடி அகலம், இருபதடி நீளம். நூல் கட்டினார். வரிசைக்குப் பன்னிரண்டு கல், இருபது வரிசை. வருடத்துக்கு ஒரு வரிசை, மாதத்துக்கு ஒரு கல்.

"மாசத் தவணை பதினெட்டாயிரம்னு வை. கல் பன்னிரண்டு இன்ச். இன்ச்சுக்கு ஆயிரத்து ஐநூறு. நீ படி, நான் கோடு போடுறேன்."

அவள் பலகையில் உட்கார்ந்து ஐந்து பக்கத்தையும் படித்தாள். அவர் டேப்பை வைத்து, ஒவ்வொரு கல்லிலும் வட்டி எவ்வளவோ அதுவரை சாக்பீஸால் கோடு கிழித்து, கோட்டுக்குக் கீழே வெள்ளை அடித்தார். முதல் கல்லில் வட்டி பதினைந்தாயிரம். சரியாகப் பத்து அங்குலம் வெள்ளை. வீட்டுக்கு, அதாவது அசலுக்குப் போனது மேலே இரண்டு விரல் பட்டை.

இரண்டாவது கல்லும் அப்படியே. பன்னிரண்டாவதும் கிட்டத்தட்ட அப்படியே.

"பட்டை விட்ட மாதிரியே இல்லையே, முழுக் கல்லும் வெள்ளையா கிடக்கு" என்றாள்.

மத்தியானத்துக்கு மேல் முடித்துவிட்டு இருவரும் வாசற்படியில் நின்று பார்த்தார்கள். உள்சுவர்ப் பக்கம் வெள்ளை மலைபோல் ஏறி நின்றது, வாசலை நோக்கி மெதுவாக இறங்கியது. பாதிக்குப் பாதி வருவது பதின்மூன்றாம் வரிசையில் ஐந்தாவது கல்லில்தான். வாசலோரக் கடைசிக் கல்லில் வெள்ளை ஒரு நூல் கனம். இதுவரை கட்டிய நூற்று இருபது கல்லில் மிஞ்சிய பட்டைகளைச் சேர்த்துக் கூட்டினார். முழுதாக முப்பத்திரண்டு கல் தேறியது.

"இருபது லட்ச ரூபா வீடு நாற்பத்து மூணு லட்சத்துக்கு முடியுது" என்றாள் மெதுவாக.

"வாடகைக்கு இருந்திருந்தா முப்பத்திரண்டு கல்லும் இல்ல. வீடு வாங்கினது தப்பில்ல. விலை தெரியாம வாங்கினதுதான் தப்பு."

அவர் முட்டியைப் பிடித்துக்கொண்டே நூற்று இருபதாவது கல்லில் போய் நின்றார். கையில் நிலுவை அச்சடித்த தாள்.

"நம்ம கையில இருக்கிற ஒரு லட்சத்து எண்பதைக் கட்டினா நிலுவை பன்னிரண்டு லட்சத்து நாற்பதாயிரம் ஆகும். பன்னிரண்டு நாற்பது எந்த வரியில இருக்குன்னு பாரு."

அவள் விரலை ஓட்டினாள். "நூத்தி நாற்பத்திரண்டுக்குப் பக்கத்துல."

அவர் கற்களை எண்ணிக்கொண்டே தாண்டி, பன்னிரண்டாம் வரிசையில் பத்தாவது கல்லில் போய் நின்றார். நடுவில் இருபத்திரண்டு கல், கட்ட வேண்டாத இருபத்திரண்டு தவணை. திரும்பி அவளைப் பார்த்தார்.

அவளும் எண்ணிப் பார்த்தாள். இருபத்திரண்டு பதினெட்டாயிரம். ஏறக்குறைய நாலு லட்சம்.

அலமாரிப் பக்கம் திரும்பினாள். பால் நிறத் துண்டு மேலே மினுங்கிக்கொண்டிருந்தது.

"அப்போ அந்தத் தரை ஒரு லட்சத்து எண்பது இல்ல" என்றாள். "நாலு லட்சம்."

அவர் டேப்பைச் சுருட்டினார். பத்து வருடமாகச் சிமெண்ட் தரையைத் தேய்த்தது அவள்தான், அவள்தான் சொல்ல வேண்டும் என்று நின்றார்.

அவள் துண்டை எடுத்து, கடைசியாக ஒரு துடை துடைத்து, பழைய செய்தித்தாளில் சுற்றினாள். "கடைக்காரர்கிட்ட கொடுத்துடுங்க. அவ்வளவு விலை கொடுத்து வழுக்கி விழணுமா?"

பிறகு அவளே தொடர்ந்தாள். "ஆனா இதுவும் பத்தாது. இருபத்திரண்டு போனாலும் எட்டு வருஷம் இருக்கு. உங்க முட்டி ஆறுன்னு சொன்னாரே டாக்டர்."

"ஞாயிற்றுக்கிழமையும் போறேன்."

"நல்லா இருக்கு. முட்டியைத் தேய்ச்சு முட்டியைக் காப்பாத்துவீங்களா? வேலைக்கு அரை நாள் நூல் கட்டுறீங்களே, அதுக்கு யார்கிட்டயாவது கூலி கேட்டிருக்கீங்களா?"

"ஒட்டினாத்தானே கூலி."

"மாசத்துக்கு நாலு வீடு. வீட்டுக்கு ஆயிரம். கேளுங்க."

இருபத்தைந்து வருடத்தில் அவருக்கு அது தோன்றியதே இல்லை. மறுநாள் ஒரு வீட்டுக்காரரிடம் கேட்கும்போது அவர் காது சிவந்துவிட்டது. "கல்லை ஒட்டாம அடுக்கிப் பார்க்கிறதுக்குக் காசா?" என்றார் அந்த மனிதர். "ஆமாங்க. கடைசிக் கல் முழுசா வர்றதுக்குத்தான் அந்தக் காசு" என்றார் நூல்காரர். அந்த வேலை கிடைக்கவில்லை. அடுத்த வீட்டில் கொடுத்தார்கள், அதற்கடுத்த வீட்டிலும்.

வங்கியில் பணம் கட்டும்போது அந்தப் பெண் கேட்டாள். "மாசத் தவணையைக் குறைச்சுக்கலாமா சார்? நிறையப் பேர் அப்படித்தான் கேட்பாங்க."

"குறைக்க வேண்டாம்மா. இன்னும் நாலாயிரம் சேர்த்துக் கட்டுறோம். வருஷத்தைக் குறைங்க. முன்னாடியே கட்டினா தண்டம் உண்டா?"

"இந்தக் கடனுக்குக் கிடையாது சார்." தட்டிப் பார்த்துவிட்டு நிமிர்ந்தாள். "எழுபத்து நாலு மாசத்துல முடிஞ்சுடும். நாற்பத்தாறு தவணை குறையுது."

வீட்டுக்கு வந்ததும் மனைவி ஈரத்துணியை எடுத்துக்கொண்டு வாசலோரத்திலிருந்து பின்பக்கமாக நாற்பத்தாறு கல்லின் வெள்ளையைத் துடைத்தாள். பிறகு கற்களை எல்லாம் கொல்லைக்கே எடுத்துப் போனார்கள். எடுப்பதற்கு முன்னால் அந்த நாற்பத்தாறின் அடியிலும் அவர் கரியால் ஒரு குறி போட்டார்.

"மாசம் ஒரு கல் ஒட்டிக்கிட்டே வரலாமே?" என்றாள், ஆசையாக.

"மட்டம் போயிடும்டி" என்றார் நூல்காரர். அவளுக்காகக்கூட அவர் அதைச் செய்யத் தயாராக இல்லை.

எழுபத்து நாலு மாதம் போயிற்று. இரண்டு தடவை மழை மாதத்தில் மச்சானிடம் கைமாற்று வாங்கினார்கள், அடுத்த மாதமே திருப்பினார்கள். கடைசித் தவணை முழுத் தவணைகூட இல்லை. பத்திரத்தை வாங்கிக்கொண்டு வெளியே வந்தபோது நூல்காரருக்கு வயது ஐம்பது. வலது முட்டியில் உறை போட்டிருந்தார். படி இறங்கும்போது பத்திரத்தை மனைவி கையில் கொடுக்கவில்லை, ஒரு கையால் கைப்பிடியைப் பிடித்து மறுகையில் அதைத் தானே வைத்துக்கொண்டார்.

அந்த வாரமே கூடத்துக்குத் தரை போட்டார். கடைக்குப் போகவில்லை. அந்த இருநூற்று நாற்பது கல்லேதான். அரை நாள் நூல் கட்டினார். மூன்று நாள் ஒட்டினார், நடுநடுவே எழுந்து முட்டியை நீட்டிக்கொண்டார். இடுக்குகளை மனைவி பூசினாள்.

மச்சான் வந்தார். செருப்பைக் கழற்றியவர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"என்ன மாப்பிள்ளை இது? ஊர்ல இருக்கிற வீடு எல்லாத்தையும் துண்டு போட்டுக் கொண்டுவந்த மாதிரி இருக்கு! ஒண்ணுக்கொண்ணு சேரலையே."

"நிறத்தை விடுங்க மச்சான். குனிஞ்சு பாருங்க."

லாரிக்காரர் குனிந்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். வாசலிலிருந்து உள்சுவர்வரை ஒவ்வோர் இடுக்கும் நூல் பிடித்ததுபோல் ஓடியது. எந்தச் சுவரடியிலும் துண்டு இல்லை.

"சரி, ஒத்துக்கிறேன்" என்று நிமிர்ந்து, காலை உள்ளே வைத்தார்.

"அண்ணே, நீ நிக்கிற இடத்துலேர்ந்து நாலு வரிசையை நல்லா மிதிச்சுக்கோ" என்றாள் தங்கை. "கடைசி ரெண்டு கல் மட்டும் கணக்குல இல்ல."

"ஏன், அதுல என்ன?"

"நாற்பத்தாறு கல். நாங்க பேங்க்குக்குக் கட்டாத மாசம்."

மச்சான் காலடியைப் பார்த்தார். ஒரு சாம்பல், ஒரு பாசிப் பச்சை. பிறகு முழுப் பாதமும் படும்படி, ஒவ்வொரு கல்லாக மிதித்து உள்ளே நடந்தார். நூல்காரர் சுவரில் சாய்ந்து வாய்க்குள் எண்ணிக்கொண்டிருந்தார்.