நான்காவது கேசட்

எண்பதுகளின் நடுவில் நாங்கள் வண்டியூர்த் தெப்பக்குளத்துக்குப் பக்கத்தில் குடியிருந்தோம். கணவர் அரசு அலுவலகத்தில் கிளார்க். நான் பசுமலையில் பள்ளி ஆசிரியை. மாமனாருக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் செயலற்றுப்போயிருந்தது. பேச்சும் குழறும். பின்னறைக் கட்டிலில் கிடப்பார். ஏதாவது வேண்டுமென்றால் டம்ளரை எடுத்துக் கட்டில் சட்டத்தில் தட்டுவார். மாமியாரும் நானும் மாறி மாறி ஓடுவோம்.

அப்போதுதான் வீடியோ டெக் வாடகைக்குக் கிடைக்க ஆரம்பித்தது. அதற்கு முன் மாதம் ஒருமுறை தியேட்டருக்குப் போவோம். படம் முடிந்ததும் விளக்கைப் போட்டுவிடுவார்கள், எழுந்து வந்துதான் ஆகவேண்டும். வெளிக்காற்று முகத்தில் பட்டதும் வீட்டு நினைப்பு வந்துவிடும். டெக்கில் அந்த வெளிச்சமே கிடையாது. ஞாயிறு காலை கலர் டிவியும் டெக்கும் நாலு கேசட்டும் வரும், மறுநாள் காலை எடுத்துப்போய்விடுவார்கள். அதற்குள் நாலையும் பார்த்துவிட வேண்டும். ஒரு படம் முடிந்த கையோடு அடுத்ததைத் தள்ளுவோம். மாதம் ஒருமுறை என்று தொடங்கியது வாராவாரம் ஆனது. எங்களில் எனக்குத்தான் பித்து அதிகம். திங்கள்கிழமை வகுப்பில் நிற்கும்போது எந்தக் கதாநாயகி எந்தப் படத்தில் செத்தாள் என்றுகூடப் பிரித்துச் சொல்லத் தெரியாது. அப்படியும் அடுத்த ஞாயிற்றுக்காகக் காத்திருப்பேன்.

அப்படி ஒரு ஞாயிறு, சித்திரை வெயில். திரையில் வெளிச்சம் விழாமலிருக்கச் சன்னல்களைச் சாத்தியிருந்தோம். மூன்றாவது படம் பாதியில் இருந்தபோது பின்னறையில் தட்டும் சத்தம் கேட்டது.

"ஏத்தா, என்னன்னு பாரு," என்றார் மாமியார், திரையை விட்டுக் கண்ணெடுக்காமல்.

"இந்தா வாரேன் மாமா!" என்று உட்கார்ந்த இடத்திலிருந்தே குரல் கொடுத்தேன். ஒரு பாட்டு வந்துகொண்டிருந்தது. முடியட்டும் என்றிருந்தேன்.

மறுபடியும் தட்டினார். "சவுண்டக் கொஞ்சம் கூட்டு, ஒண்ணும் கேக்கல," என்றார் கணவர். எட்டிக் கூட்டி வைத்தது நான்தான். சற்று நேரத்தில் தட்டுவது நின்றது. தூங்கிவிட்டார் என்று நினைத்தேன். உண்மையைச் சொன்னால், நிம்மதியாக இருந்தது. நாலாவது கேசட்டையும் போட்டோம்.

காபி போட எழுந்தபோதுதான் பின்னறையை எட்டிப் பார்த்தேன். மாமா தரையில் கிடந்தார். தண்ணீர்ச் செம்பை எட்ட முயன்று விழுந்திருக்கிறார். உதடு காய்ந்து வெடித்திருந்தது. கண் திறந்திருந்தது. நான் அலறியது முதலில் யாருக்கும் கேட்கவில்லை.

பெரியாஸ்பத்திரியில் இடுப்பெலும்பு முறிந்திருக்கிறது என்றார்கள். "எப்ப விழுந்தாரு?" என்று டாக்டர் கேட்டார்.

"மூணாவது படத்துல..." என்று ஆரம்பித்த கணவர் தலையைக் குனிந்துகொண்டார்.

அன்று இரவு நான் ஸ்பூனால் தண்ணீர் ஊட்டும்போது மாமா என்னைப் பார்த்துக் குழறினார். "படம்... முடிஞ்சிருச்சா?" குத்திக் காட்டினாரா, உண்மையாகவே கேட்டாரா, இன்றுவரை தெரியவில்லை.

"முடிஞ்சிருச்சு மாமா," என்றேன். டிவியை அணைத்துவிட்டு வந்தோமா என்பதே எனக்கு நினைவில்லை.

மூன்று வாரம் படுக்கையிலேயே கிடந்து, புண் வைத்து, இறந்துபோனார்.

அதன்பிறகு ஞாயிற்றுக்கிழமைகளை என்ன செய்வதென்று எங்களுக்குத் தெரியவில்லை. ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்திருப்போம். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கமாட்டோம். யாராவது வாயைத் திறந்தால் அந்தப் பேச்சு வந்துவிடுமோ என்று பயம். இரண்டு மாதம் அப்படிப் போனது. ஒரு சனிக்கிழமை மாமியார்தான் சொன்னார்:

"வீடு கெடக்குற கெடை தாங்க முடியலப்பா. அந்த டெக்க வரச்சொல்லு."

கணவர் என்னைப் பார்த்தார். வேண்டாம் என்று நான் சொல்லியிருக்கலாம்.

"புதுசா எதுவும் வந்திருக்கான்னு கேளுங்க," என்றேன்.