கண்ணாடியில் விழாத வீடியோக்காரம்மா

எங்கள் கம்பெனி காலி வீடுகளை வாடகைக்கு விடுகிறது. வெளியூரிலிருந்து குடிவருகிறவர்கள் வீட்டை நேரில் வந்து பார்க்க மாட்டார்கள். வீடியோவில் பார்த்துவிட்டுச் சரி என்று சொல்லிவிடுவார்கள். அந்த வீடியோக்கள் முதலில் என்னிடம் வரும். விளக்கு எரிகிறதா, குழாயில் தண்ணீர் வருகிறதா, சுவரில் ஈரக்கறை தெரிகிறதா என்று பார்த்து, வேண்டாததை வெட்டி முதலாளிக்கு அனுப்புவது என் வேலை. ஜெராக்ஸ் மெஷினுக்குப் பின்னால் ஒரு நாற்காலி, காதில் ஒரு ஹெட்போன். என் இடத்தைப் பார்த்து இதுவரை யாரும் பொறாமைப்பட்டதில்லை.

பக்கத்து ஊர் வீடுகளை எல்லாம் எடுத்து அனுப்புகிறவர் ஒரு அம்மா. ஆபீசில் எல்லோருக்கும் அவர் வீடியோக்காரம்மா. நான்கு வருடமாக அவரோடு போனில் பேசுகிறேன், ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. ஆனால் அவர் மூச்சு எனக்கு மனப்பாடம். வாசற்படி தாண்டும்போது மூச்சைப் பிடிப்பார். ஹாலுக்கு நடுவில் வந்து நின்ற பிறகுதான் விடுவார். கீழே குனிந்து சிங்க்குக்கு அடியில் காட்டும்போது முட்டி ‘டக்’கென்று சத்தம் போடும். நான் ஹெட்போனில் இத்தனையும் கேட்பேன்; கேட்டுவிட்டு அந்தச் சத்தத்தை எல்லாம் அழித்துவிடுவேன்.

முதலில் அவர் காலி வீடுகளைக் கூட்டித் துடைக்கத்தான் வந்தார். ஒருநாள் ஒரு வாடிக்கையாளர் அவசரப்பட்டபோது, ‘கையில போன் இருக்குல்ல, அப்படியே நடந்துகிட்டே எடுத்து அனுப்புங்க’ என்றார் முதலாளி. அந்த முதல் வீடியோவில் வீட்டைவிட அவருடைய துடைப்பம்தான் நன்றாக விழுந்திருந்தது. அன்றைக்கு முதலாளி ஒரு சட்டம் போட்டார்: வீடியோவில் வீடு மட்டும்தான் தெரிய வேண்டும், எடுக்கிற ஆளோ ஆளின் சாமானோ தெரியவே கூடாது.

அந்த அம்மா இந்தச் சட்டத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். குளியலறைக்குள் பக்கவாட்டில் நுழைவார். வாஷ்பேசினைக் காட்டிவிட்டு, அதற்கு மேலே கண்ணாடி வருவதற்குள் போனைச் சாய்த்துவிடுவார். ஜன்னல் கண்ணாடி, பால்கனிக் கதவு, அடுப்பு மேடையின் பளபளப்பு, எதிலும் விழ மாட்டார். எடுத்ததை மூன்று தடவை பார்க்காமல் எதையும் அனுப்பவும் மாட்டார். நான்கு வருட வீடியோவில் ஒரு விரல் நுனியைக்கூட நான் கண்டதில்லை. போலீஸ் தேடுகிற ஆள்கூட இவ்வளவு கவனமாக இருக்க மாட்டான் என்று ஒருமுறை சொன்னேன். வெகுநேரம் சிரித்தார்.

அவருக்கு வீட்டுக்காரர் இல்லை. போய்ச் சேர்ந்து ஒன்பது வருடம். ஒரே மகள் கல்யாணமாகித் தூரத்தில் இருக்கிறாள், ஞாயிற்றுக்கிழமைகளில் கூப்பிடுவாள். சிக்னல் போதாது என்று வீடியோ கால் கிடையாது. குரல் மட்டும்தான், அதுவும் குழந்தை அழுகிறவரைக்கும்தான். இதெல்லாம் நானாகக் கேட்டதில்லை. ‘தண்ணி வேகம் சரியாத் தெரியுதா சார்?’ என்று ஆரம்பித்து, இடையிடையே அவரே சொன்னது.

இந்த வருடம் அவருடைய முட்டி தகராறு செய்ய ஆரம்பித்தது. அதுவரை முழங்காலை மடக்கி, வாத்து மாதிரி அசைந்து அசைந்து நடந்து, படம் ஆடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த நடை போனதும் வீடியோ ஆட்டம் காணத் தொடங்கியது.

“தலை சுத்துதுய்யா,” என்றார் முதலாளி. “வீடு பாக்கச் சொன்னா கப்பல்ல ஏத்தி விடுறாங்க இந்தம்மா. என் மச்சினன் ஒரு கிம்பல் வாங்கி வச்சிருக்கான். பேசாம அவனையே எடுக்கச் சொல்லிடலாம்.”

மச்சினனுக்கு வேலை தேடித் தேடி முதலாளியின் மனைவி அலுத்துப்போயிருந்தது எங்களுக்குத் தெரியும். நான் ஒரு வாரம் தவணை கேட்டேன். “சரி. வெள்ளிக்கிழமைக்குள்ள மூணு வீடு. ஒண்ணு ஆடினாலும் அவ்வளவுதான்,” என்றார்.

அந்த அம்மாவிடம் சொன்னேன். “கிம்பல்னா என்ன சார்?” என்றார்.

கைப்பிடி, அதன் தலையில் போன், நடுவில் மோட்டார். நம் கை எப்படி ஆடினாலும் போன் ஆடாது என்று விளக்கினேன். அன்று மதியம் சாப்பாட்டு நேரத்தில் உட்கார்ந்து, விலை குறைந்தவற்றை எல்லாம் அலசினேன். ஒன்று தெளிவாகப் புரிந்தது. ஒவ்வொரு கிம்பலுக்கும் இவ்வளவு எடைதான் தாங்கும் என்று ஒரு அளவு உண்டு. போன் அதற்கு மேல் கனத்தால் மோட்டார் திணறும்.

“உங்க போன் எவ்வளவு கனம்மா?”

“கனமாத்தான் இருக்கு.”

சாயங்காலம் திரும்பக் கூப்பிட்டார். காய்கறிக் கடைக்குப் போய்த் தராசில் வைத்துப் பார்த்தாராம். கடைக்காரர், ‘கிலோ என்ன விலைன்னு போடட்டும்?’ என்று கேட்டிருக்கிறார். உறையோடு இருநூற்று அறுபத்திரண்டு கிராம். உறையைக் கழற்றினால் இருபது கிராம் குறையும், ஆனால் ஏழு தடவை கீழே விழுந்த போன், உறைதான் அதை ஒன்றாகப் பிடித்து வைத்திருக்கிறது என்றார்.

மறுநாள் போன் கடையிலிருந்தே பேசினார். கடையில் மலிவானது ஒன்று இருந்தது. மாட்டிப் பார்த்தால் கிர்ரென்று நடுங்கிவிட்டுத் தலையைத் தொங்கப்போட்டுவிட்டதாம். “எங்க வாட்ச்மேன் தூங்குற மாதிரியே சார்.” அடுத்தது இருநூற்று எண்பது கிராம் தாங்கும், மடித்துப் பைக்குள் வைக்கலாம், ஒருநாள் வேலைக்கு சார்ஜ் போதும். ஆனால் அதில் ஒரு கூடுதல் வசதி. கைப்பிடியில் இருக்கும் விசையை அழுத்தினால், எதிரே இருக்கிறவர் முகத்தைப் பிடித்துக்கொண்டு, அவர் போகிற பக்கமெல்லாம் தானாகத் திரும்பும். விலையும் அதற்கேற்ற மாதிரி இருந்தது.

“அது எனக்கு எதுக்குங்க? நான் எடுக்குற வீட்டுல ஆளே இருக்க மாட்டாங்க,” என்று அவர் கடைக்காரரிடம் சொல்வது எனக்குக் கேட்டது.

“அது கூடவே வர்றதும்மா. தனியாக் கழட்டித் தர முடியாது,” என்றார் கடைக்காரர்.

“என்ன சார் பண்ண?” என்று என்னிடம் கேட்டார். அவருடைய ஒரு மாத வருமானத்தில் பாதி அது. ஆனாலும் மலிவானதை வாங்கினால் பணமும் போய் வேலையும் போகும். வாங்குங்கள் என்று சொன்னேன்.

அன்று மாலை தன் அறையையே எடுத்துப் பழகியிருக்கிறார். கட்டில், அடுப்பு, கொடியில் ஒரு துண்டு, கதவு. “என் வீடு பதினோரு செகண்டுல முடிஞ்சிடுச்சு சார்,” என்றார். நான் சிரித்தேன். போனை வைத்த பிறகு ஏன் சிரித்தேன் என்று இருந்தது.

முதல் இரண்டு வீடும் வெண்ணெய் மாதிரி வந்தன. எந்த இடத்தில் படியேறினார், எந்த இடத்தில் முட்டி மடங்கியது என்று என்னாலேயே கண்டுபிடிக்க முடியவில்லை. மூன்றாவது, வெள்ளிக்கிழமை மதியம் வந்தது. பெரிய வீடு. ஹால், சமையலறை, குழாய், அலமாரிகள், எல்லாம் சரி. படுக்கை அறையில் ஒரு சுவர் முழுக்கக் கண்ணாடி பதித்த பீரோ. வழக்கம்போலக் கதவோரமாக நின்று அதைத் தவிர்க்கப் பார்த்திருக்கிறார். விரல் அந்தக் கைப்பிடி விசையில் அழுந்திவிட்டது. போன் தானாகத் திரும்பியது. கண்ணாடியில் ஒரு பெண் நின்றாள்.

மெலிந்த உடம்பு. அந்த மூச்சையும் முட்டியையும் வைத்து நான் கனத்த ஆளாக நினைத்திருந்தேன். நரைமுடியை இறுக்கிப் பின்னியிருந்தார். தோளில் துணிப்பை, அதன் வாயில் துடைக்கிற துணி ஒன்று தொங்கியது. பதறிப்போய்க் கையை இடதுபக்கம் இழுத்தார். போன் மெதுவாக நகர்ந்து அவர் முகத்துக்கே வந்தது. வலதுபக்கம் இழுத்தார். அங்கிருந்தும் திரும்பி வந்தது. மூன்றாவது தடவை அவர் இழுக்கவில்லை. அப்படியே நின்று, பிடித்திருந்த மூச்சை விட்டார்.

“என்ன, என்னையே பாக்குற?” என்றார் அதனிடம், தாழ்ந்த குரலில். நெற்றியில் விழுந்த முடியை ஒதுக்கிக்கொண்டார். இலேசாகச் சிரித்தார். பிறகு விசையை விட்டுவிட்டு, “இது பெரிய பெட்ரூம், ரெண்டு ஜன்னல்,” என்று நகர்ந்துவிட்டார். மொத்தம் ஒன்பது நொடி.

நான்கு மணிக்கு முதலாளி பார்ப்பார். மச்சினனுக்கு வேலை கிடைக்க இந்த ஒன்பது நொடி போதும். வெட்டக் கை வைத்தபோதுதான் அந்த அம்மா மூன்று தடவை பார்க்கிற பழக்கம் ஞாபகம் வந்தது. போன் செய்தேன்.

“ஆடுச்சா சார்?” என்றார் எடுத்தவுடனே.

“ஆடவே இல்லம்மா. பிரமாதம். ஆனா பெட்ரூம்ல… அனுப்புறதுக்கு முன்னாடி நீங்க பாக்கலையா?”

“பாத்தேன் சார். மூணு தடவை பாத்தேன்.”

ஜெராக்ஸ் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

“வெட்டணும்னு தெரியும் சார். நானே வெட்டினா அது யாருக்கும் தெரியாமலே போயிடும். நீங்க ஒரு தடவை பாத்துட்டு வெட்டிடுங்க.”

ஏற்கெனவே பார்த்துவிட்டேன் என்று நான் சொல்லவில்லை. சரிம்மா என்று வைத்துவிட்டு, மறுபடியும் ஓட்டி, கண் கொட்டாமல் பார்த்தேன். பிறகு வெட்டினேன்.

நான்கு மணிக்கு முதலாளி மூன்று வீட்டையும் பார்த்தார். மச்சினனிடம் வேண்டாம் என்று சொல்லிவிடுவதாகச் சொன்னார். “அந்தம்மாவே எடுக்கட்டும்யா. எவ்வளவு சுத்தமா இருக்கு பாரு. எடுத்தது ஒரு ஆளுன்னே தெரியல.”

“ஆமாங்க,” என்றேன்.