சூ லான் எழுதிய அரிசிக் காட்சி

சனிக்கிழமை, பிற்பகல் ஒரு மணி. பிரெஞ்சு பேசும் அந்த வெளிநாட்டு நகரத்தின் செயின்ட்-மிஷேல் பகுதியில் எனக்குத் தங்க இடம் கொடுத்திருந்த யாழ்ப்பாணத்து யோகன் அண்ணை காரை எடுத்தார். சாம்ப்ளெய்ன் பாலத்தைத் தாண்டி, புறநகரான புரோசார்ட்டில் சூ லானை ஏற்றிக்கொண்டு, நகர மையத்தில் நடக்கும் சீனப் பட விழாவுக்குத் திரும்ப வேண்டும். சூ லான், அண்ணையின் மனைவியோடு குழந்தைகள் காப்பகத்தில் வேலை பார்ப்பவர். ஒரு காலத்தில் சீனாவில் திரைக்கதை எழுதியவர். நானும் சென்னையில் வசனம் எழுதிப் பிழைப்பவன் என்பதால் அவரைப் பார்க்க ஆசைப்பட்டேன்.

திரும்பும் வழியில் சூ லான் ஆங்கிலத்தில் சொன்னார். இருபத்து நான்கு வயதில் முதல் படம். பிறகு ஒரே இயக்குநருக்குப் பல படங்கள். கடைசிப் படத்தின் முடிவை மாற்றச் சொன்னார்கள், மறுத்தார். முடிவை வேறொருவர் மாற்றினார். இவர் பெயரை எடுத்துவிட்டார்கள். அதற்குப் பின் யாரும் வேலை தரவில்லை. உலகம் சுற்றிய அந்தப் படம்தான் இன்று திரையில்.

"அந்த டைரக்டர் ஆளும் வருதாம். இவ சும்மா இருக்கமாட்டா, பாருங்கோ தம்பி," என்றார் அண்ணை.

மூன்று மணிக்குப் படம். அதில் ஒரு தாய், இறந்துபோன மகளுக்கும் சேர்த்துப் பானையில் அரிசி போடுகிறாள். அவள் இல்லை என்ற நினைவு வந்ததும் ஒரு பிடியைத் திரும்ப அள்ளுகிறாள். பலர் கண்ணைத் துடைத்தார்கள். இறுதியில், கதை, திரைக்கதை, இயக்கம் எல்லாவற்றுக்கும் ஒரே பெயர். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

இயக்குநர் மேடையேறியதும், அந்த அரிசிக் காட்சி எப்படித் தோன்றியது என்று பார்வையாளர் ஒருவர் கேட்டார். "கனவில் வந்தது," என்றார் இயக்குநர்.

சூ லான் எழுந்து சீன மொழியில் உரக்க ஏதோ சொன்னார். மேடையிலிருந்த மொழிபெயர்ப்பாளர், ஓர் இளம்பெண், அதை மொழிபெயர்க்கவில்லை. விழாக்காரர் அடுத்த கேள்விக்குத் தாவினார்.

"அவ சொன்னதைச் சொல்லு பிள்ளை! ஏன் விழுங்கிறாய்?" அண்ணை ஆத்திரத்தில் தமிழிலேயே கத்திவிட்டு, அதையே பிரெஞ்சில் சொன்னார். நானும் எழுந்து நின்றேன்.

அந்தப் பெண் தயங்கித் தயங்கி மொழிபெயர்த்தாள்: "அது என் அம்மா. செத்தது என் அக்கா. அந்தக் காட்சியை வெட்டச் சொன்னதே நீங்கள்தான்."

இயக்குநர் சிரித்தார். "இவர் எனக்குத் தட்டச்சு செய்து தந்தவர்."

சூ லான் அதற்குமேல் மொழிபெயர்ப்புக்குக் காத்திருக்கவில்லை. திரையைச் சுட்டிக்காட்டி, "செ தா முவா!" என்றார். 'என்னுடையது!' பொம்மையைப் பிடுங்கினால் காப்பகத்துக் குழந்தைகள் கத்தும் பிரெஞ்சு. மறுபடியும் சொன்னார், இன்னும் உரக்க. யாரும் சிரிக்கவில்லை. இயக்குநர் பக்கக் கதவால் வெளியேறினார். விழாக்காரர்கள் மன்னிப்பும் கேட்கவில்லை.

வெளியே பனி கொட்டியது. கோபம் ஆறியதா என்று கேட்டேன்.

"இல்லை. பசிக்கிறது," என்றார் சூ லான்.

ஞாயிறு காலை விமான நிலையம். கோடம்பாக்கத்திலும் பெயர்கள் இப்படித்தான் தொலைகின்றன. எல்லோருக்கும் தெரியும், டீக்கடையில் பேசுவோம். நிறைந்த அரங்கில் எழுந்து, ஆளை நேரே பார்த்து, இது என்னுடையது என்று எவரும் சொல்லி நான் கேட்டதில்லை. விமானம் கிளம்பிய பிறகும் என் கோபம் தணியவில்லை. தணியவும் வேண்டாம்.