அத்தைக்காக ஓர் ஆட்கொணர்வு மனு

என் தந்தையின் தங்கை வெள்ளானூரிலிருந்த எங்கள் வீட்டைவிட்டுச் சென்று மூன்று வாரங்கள் கழிந்தபின், அப்பா உயர்நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்தார். காணாமற்போனவரைக் காவல்துறை தேடிப்பிடித்து நீதிபதிகள் முன் நிறுத்த வேண்டும் என்பதே அதன் பொருள். இரண்டாம் வகுப்பு மாணவியான நானோ, ஆளைக் கொணர்ந்து வீட்டில் சேர்க்கும் மனு அது என்று நம்பினேன். அப்பாவும் ஏறத்தாழ அவ்வாறே நம்பியிருந்தார்.

அத்தையைக் கடத்தியவராக மனுவில் குறிக்கப்பட்டவர் அம்பத்தூர் தொழிற்பேட்டைக்கு ஆளேற்றும் வேனின் ஓட்டுநர். அம்மா அந்த வேனில்தான் வேலைக்குப் போவாள். எனக்குச் சோறூட்டி, தலைபின்னி, பள்ளியில் விடுவது அத்தையின் பொறுப்பு. அவளுக்கு வந்த வரன்களெல்லாம், "பாப்பா கொஞ்சம் பெர்சாவட்டும்" என்ற அப்பாவின் ஒரே விடையில் திரும்பிப் போயின.

பதினெட்டு நிறைந்த பெண்ணை நீதிபதிகள் கேட்பது ஒரே கேள்விதான், யாருடன் செல்ல விருப்பம் என்பதே அது என்று வழக்குரைஞர் எச்சரித்திருந்தார். எனவே அப்பா என்னையும் உடன் அழைத்துச் சென்றார். ஆவடியில் மின்சார ரயில் ஏறியதும் பாடம் தொடங்கியது.

"அத்தைய பாத்தா இன்னா பண்ணுவே?"

"அழுவேன்."

"சும்மா அழுவாத. ஊட்டுக்கு வா அத்தேன்னு கெட்டியா புட்ச்சிக்கினு அழுவணும்."

"அழுவ வர்லன்னா?"

"அதெல்லாம் வரும், கம்னு வா."

காவலர்கள் தேடிக் கொண்டுவந்து நிறுத்திய அத்தையிடம் நீதிபதிகள் அந்த ஒரே கேள்வியைக் கேட்டபோது அவள் வாய் திறக்கவில்லை. என்னையே பார்த்து நின்றாள். குடும்பத்தாரோடு சற்றுப் பேசட்டும் என்றார்கள். வெளித்தாழ்வாரத்தில் அப்பா நெருங்கவும், காவலுக்கு வந்த பெண் காவலர் கைநீட்டித் தடுத்தார்.

"அண்ணாத்தே, நீ அங்கயே நில்லு. மொறச்சிக்கினு கிட்ட வந்தீனா அது இன்னா பேசும்? கொழந்த மட்டும் போவட்டும்."

எனக்கு அழுகை வருவதாயில்லை. மூன்று வாரமாகச் சொல்ல ஆளின்றிச் சேர்ந்திருந்த பெருமைகள் தொண்டைவரை நிரம்பியிருந்தன.

"அத்தே, இப்ப நானே தல பின்னிக்கிறேன்! நானே சாப்புட்றேன். பக்கத்தூட்டு அக்காகூட ஸ்கூலுக்குப் போறேன். ஒருநாளுகூட லேட்டு இல்ல, தெர்யுமா?"

அத்தை என் பின்னலைத் தொட்டுப் பார்த்தாள்.

"கோணலா கீதுடி."

சொன்னாளே தவிர, அதை அவிழ்க்கவில்லை. என்னைத் தன்னோடு இறுக்கிக்கொண்டு, நெடுநேரம் அழுதாள்.

மீண்டும் உள்ளே அழைத்தபோது, அந்த ஓட்டுநரோடே செல்வதாகத் தெளிவாகச் சொன்னாள். மனு முடித்துவைக்கப்பட்டது.

திரும்பும் வண்டி அம்பத்தூரைத் தாண்டியது. அப்பா கேட்டார்:

"அவகிட்ட இன்னாதான் சொன்னே?"

"நான் நல்லா கீறேன்னு சொன்னேம்பா."

அந்த ஒன்றைக் கேட்பதற்காகவே அவள் நீதிபதிகளைக் காக்கவைத்தாள் என்பது அன்று எனக்குத் தெரியாது. அப்பாவுக்குத் தெரிந்திருக்க வேண்டும். அவர் என்னைக் கடிந்துகொள்ளவில்லை. ஆவடி வரும்வரை சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.