சொக்கட் பறந்த வெள்ளிக்கிழமை

போன வெள்ளிக்கிழமை காலை எங்கள் முற்றத்தில் ஒரு தேங்காய் விழுந்தது. விழ எத்தனையோ இடம் இருக்க, நேரே பைப்பின் மேல்! தண்ணீர்த் தாங்கியிலிருந்து எங்கள் வீட்டுக்கும், மதிலுக்கு அந்தப்பக்கம் மனைவியின் தங்கை வீட்டுக்கும் போகும் பிவிசி பைப். ஒரு சாண் நீளத்துக்கு வெடிப்பு.

ஜும்ஆத் தொழுகைக்கு முன் இரண்டு வீட்டாரும் குளிக்க வேண்டும்.

"நியாஸுக்குப் போன்ல கோல் எடுக்கட்டா?" என்றாள் மனைவி.

நியாஸ் என் சகலன். அந்தத் தங்கையின் கணவன்; என்னை அண்ணன் முறையில் 'காக்கா' என்பான். எந்த ஓட்டையையும் பழைய சைக்கிள் டியூப்பால் சுற்றிக் கட்டி, "சரி காக்கா" என்று கையைத் தட்டுகிறவன். அதைவிட அநியாயம், அது ஒழுகுவதும் இல்லை.

வீடு மனைவியின் சீதனம். சுற்றியுள்ள வளவும் அவளுடையது. பைப்பையாவது நான் ஒட்டக் கூடாதா?

"தேவல்ல. பதினொரு மணிக்குத் தண்ணி வரும்."

"வரல்லண்டா கோல் எடுப்பன். மறுகா முகத்தத் தூக்கக் கூடா!"

கொப்பியில் பட்டியல் போட்டேன். வால்வைப் பூட்டுவது, அளப்பது, பென்சிலால் கோடு கீறுவது, வெட்டுவது, பிசிறு தேய்ப்பது... மொத்தம் ஒன்பது வேலைகள். 9.30க்கு பைப் அறுக்கும் வாளை எடுத்தேன். 10.55க்கு ஒன்பதாவது வேலைக்கும் சரி அடையாளம் போட்டேன். புதுத் துண்டு, அதைப் பழைய பைப்போடு பிணைக்க இரண்டு பக்கமும் சொக்கட் – கோட்டிலிருந்து மயிரிழையும் பிசகவில்லை.

சரியாகப் பதினொரு மணி. தோளில் துவாயோடு நியாஸ் வந்தான். குளிக்கத்தான் வந்திருப்பான் என்று நினைத்தேன்.

"என்ன காக்கா, முடிஞ்சா?"

"ஓம். பாத்துப் பழகு."

வால்வைத் திறந்தேன்.

சொக்கட் கோழிக்கூட்டைத் தாண்டிப் பறந்தது. தண்ணீர் என் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு போனது.

நியாஸ் ஓடிவந்து வால்வைப் பூட்டினான். பிறகு படியில் இருந்த, பைப் ஒட்டும் கம் டின்னைத் தூக்கி, இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தான்.

"காக்கா... இந்த டின்னுட மூடி இன்னும் உடைக்கவே இல்லியே?"

பொருத்திப் பார்த்தது அவ்வளவு அழகாக அமைந்துவிட்டது. கம் பூசவில்லை. பட்டியலிலேயே அது இல்லை! ஒழுங்கான மனிதர்களின் வியாதி இதுதான். பட்டியலில் இல்லாதது உலகத்திலேயே இல்லை.

நியாஸ் துவாயால் பைப்பைத் துடைத்தான், கம் பூசினான், "சரி காக்கா" என்றான். அது காயும்வரை இரண்டு வீட்டாரும் கிணற்றில் வாளி போட்டோம்.

பின்னேரம் கொப்பியைத் திறந்தேன். என் ஒன்பது சரிகளுக்குக் கீழே, மனைவியின் கையெழுத்தில் பத்தாவது வரி: '9.20 – பதினொரு மணிக்கு வரச் சொல்லி நியாஸுக்குக் கோல் எடுத்தது.'

பக்கத்தில் ஒரு சரி.